மனாஸ்: மலைநாட்டு முஸ்லிம்கள் நாவில் சுமந்த வரலாறு

பிஸ்மில்லாஹிர் ரஹ்மானிர் ரஹீம்.

சில மாதங்களுக்கு முன் மாலை நேர மத்ரஸாவில் ஒரு சிறுவன் எழுந்து நின்றான். "ஹஜ்ரத், எங்க உம்மம்மா சொல்ற கதையெல்லாம் உண்மையா?" என்று கேட்டான். எந்தக் கதை என்று வினவினோம். நடுக்கடலில் ஓட்டை விழுந்த கப்பலைக் கரையில் இருந்தபடியே காப்பாற்றிய ஒரு பெரியவரின் கதையைச் சொன்னான். பாடம் பாதியில் இருந்தது; மஃரிப் பாங்குக்கு நேரம் நெருங்கியிருந்தது. "ஆதாரம் இல்லாத கதையெல்லாம் பொய்தான், உட்கார்" என்று சொல்லிவிட்டுப் பாடத்தைத் தொடர்ந்தோம்.

இரண்டு வாரம் கழித்து அச்சிறுவனின் தந்தை பள்ளிவாசல் படியில் நம்மைக் கண்டார். "எங்க மாமி இப்பல்லாம் கதையே சொல்றதில்லை ஹஜ்ரத். பேரன் பொய்யின்னு சொல்லிட்டானாம். ஹஜ்ரத்தே சொன்னாருன்னும் சொன்னானாம். அதோட வாயை மூடிட்டாங்க" என்று சிரித்துக்கொண்டே சொன்னார். அவரால் சிரிக்க முடிந்தது, நம்மால் இயலவில்லை.

அன்று நாம் சொன்ன விடை மார்க்க அறிவின் வழியில் வந்த விடையா, அல்லது அவசரத்தில் வந்த விடையா என்ற வினா நம்மை விடவில்லை. அதற்கு நிதானமாக விடை தேடியபோது, கதையையே ஏடாகக் கொண்டு பல நூற்றாண்டுகள் வாழ்ந்த ஒரு முஸ்லிம் சமூகத்தின் வரலாறு நம் கண்முன் வந்தது. மத்திய ஆசியாவின் மலைகளில் வாழும் கிர்கிஸ் மக்களின் வரலாறு அது. நமக்கு எழுந்த வினாவை அவர்கள் நம்மைவிடப் பெரிய அளவில் சந்தித்திருக்கிறார்கள். அதை வாசகர்களோடு பகிர்ந்துகொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

கூடாரத்தில் வாழ்ந்தவர்களின் ஏடு

கிர்கிஸ்தானின் நிலப்பரப்பில் ஏறக்குறைய பத்தில் ஒன்பது பங்கு மலை. தியான்ஷான் மலைத்தொடரின் சிகரங்களுள் மிக உயர்ந்தது 7,439 மீட்டர் உயரம் கொண்டது. கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,600 மீட்டர் உயரத்தில் இஸ்ஸிக்குல் என்னும் மாபெரும் ஏரி விரிந்து கிடக்கிறது. இம்மலைகளில் வாழ்ந்த கிர்கிஸ் மக்கள் குதிரையும் ஆடும் மேய்த்தவர்கள். கோடையில் உயரமான மேய்ச்சல் நிலங்களுக்கு ஏறுவார்கள். பனி விழத் தொடங்கும் முன் பள்ளத்தாக்குகளுக்கு இறங்குவார்கள். ஆட்டு மயிரை அடித்துச் செய்த கம்பளத்தால் போர்த்திய வட்டக் கூடாரமே அவர்களின் வீடு. குதிரை முதுகில் ஏற்ற இயலாத எதையும் அவர்களால் சேர்த்து வைக்க முடியாது. நூலகம் வைத்துக்கொள்ளும் வாழ்க்கை அன்று. நினைவையே நூலகமாக்கிக்கொண்ட வாழ்க்கை.

இஸ்லாம் இந்நிலத்தை எட்டிய பாதையும் நெடியது. கி.பி. 751இல் தலாஸ் ஆற்றங்கரையில் அப்பாஸியப் படையும் சீனத்தின் தாங் பேரரசுப் படையும் மோதின. அப்போரில் முஸ்லிம்கள் வென்றனர். ஆயினும் வாளின் வெற்றி ஒரே நாளில் உள்ளங்களின் மாற்றமாகிவிடவில்லை. 10ஆம் நூற்றாண்டில் கராகானிய மரபினர் இஸ்லாத்தைத் தழுவியபின் சமவெளி நகரங்களில் மார்க்கம் வேரூன்றியது. மலைமேல் கூடாரத்தில் வாழ்ந்தோரிடம் அது ஃபர்கானா, காஷ்கர் போன்ற நகரங்களிலிருந்து வந்த ஆலிம்கள், சூஃபிகள், வணிகர்கள் வழியாகப் பல தலைமுறைகளில் மெல்ல மெல்லச் சென்று சேர்ந்தது. மதரஸாக்கள் நகரங்களில் இருந்தன. மலையில் இருந்தவை கதைகள். ஆகவே மார்க்கமும் அங்கே கதையின் உடையை அணிந்துகொண்டே பலரின் காதுகளை எட்டியது.

மூன்று தலைமுறையின் கதை

கிர்கிஸ் கதைமரபின் நடுநாயகமாக விளங்குவது மனாஸ் காவியம். மனாஸ், அவன் மகன் செமெதெய், பேரன் செய்தெக் என மூன்று தலைமுறையினரின் வரலாறாக அது விரிகிறது. குழந்தையின்றி வருந்திய முதியவர் ஜாகிப் இறைவனிடம் மன்றாடிப் பெற்ற பிள்ளை மனாஸ். ஜாகிப் என்பது யாகூப் என்னும் பெயரின் கிர்கிஸ் வடிவம் என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். மனாஸ் வளர்ந்து சிதறிக் கிடந்த கிளைகளை ஒன்று சேர்க்கிறான். நாற்பது தோழர்கள் அவனைச் சூழ்ந்து நிற்கிறார்கள். தலாஸ் பள்ளத்தாக்கு அவன் இருப்பிடமாகிறது. பெரும்படையெடுப்பு ஒன்றில் நஞ்சூட்டிய ஆயுதத்தால் காயமுற்று, ஊர் திரும்பி உயிர் துறக்கிறான்.

இக்காவியத்தில் இரு பாத்திரங்கள் நம் உள்ளத்தைக் கவர்ந்தன. ஒருவர் அல்மாம்பெத். எதிரி இனத்தின் அரசகுமாரனாகப் பிறந்து, இஸ்லாத்தைத் தழுவி, அதனால் சொந்த இனத்தையும் செல்வத்தையும் துறந்து வந்தவர். முதலில் தஞ்சமடைந்த இடத்தில் பொறாமைக்காரர்களின் அவதூறு அவரைத் துரத்துகிறது. பின் மனாஸிடம் வருகிறார். நாற்பது தோழர்களையும்விட நெருங்கிய தோழராகிறார். காவியத்தின் சில வடிவங்களில் மனாஸின் தாய் சியிர்தியின் மார்பில் பால் சுரக்க, இருவரும் அதை அருந்திச் சகோதரர்களானதாக வருகிறது. பால்குடி உறவு குழந்தைப் பருவத்தில்தான் ஏற்படும் என்பதே ஃபிக்ஹு அறிஞர்களில் பெரும்பான்மையோரின் முடிவு. அந்தச் சட்டத்தைக் கற்பிக்க அக்கதை சொல்லப்படவில்லை. புதிதாக மார்க்கத்துக்கு வந்தவனைச் சொந்த ரத்தமாக ஏற்றுக்கொள் என்பதை மேய்ப்பனுக்கும் புரியும் மொழியில் அது சொன்னது.

மற்றொருவர் மனாஸின் மனைவி கனிக்கெய். புகாராவின் அரசன் மகள். கணவன் இறந்ததும் அவனுடைய உறவினர்களே அவளை வலிந்து மணக்க முயல்கிறார்கள். இறந்தவனின் மனைவியை அவன் குடும்பத்துக்குள்ளேயே வைத்துக்கொள்வது புல்வெளி மக்களிடையே நெடுங்காலம் நிலவிய வழக்கம். கனிக்கெய் அதற்கு இணங்கவில்லை. கைக்குழந்தை செமெதெயையும் மாமியார் சியிர்தியையும் அழைத்துக்கொண்டு மலைகளைக் கடந்து புகாராவுக்குத் தப்பிச் செல்கிறாள். பெண்களை அவர்கள் விருப்பத்துக்கு மாறாக வாரிசுப் பொருளைப்போல் உரிமையாக்கிக்கொள்வதைத் திருமறையின் நிஸா அத்தியாயம் தடுத்திருக்கிறது. அவ்வசனத்தை ஓதத் தெரியாத மலைவாசியும் கனிக்கெய் தப்பிச் செல்லும் இரவின் கதையைக் கேட்டு, யார் பக்கம் நீதி என்பதை அறிந்தான்.

மற்றொரு புறத்தையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். காவியத்தில் தொழுகையும் உண்டு, புளிக்க வைத்த குதிரைப்பால் விருந்தும் உண்டு. துஆவும் உண்டு, இஸ்லாத்துக்கு முந்திய காலத்துச் சடங்குகளும் உண்டு. பெரும்படையெடுப்புக்குக் 'கஸாத்' என்ற அரபு மூலச் சொல்லையே கதைசொல்லிகள் பயன்படுத்துகிறார்கள். ஆயினும் அதில் வரும் போர்கள் பெரும்பாலும் 17, 18ஆம் நூற்றாண்டுகளில் ஒய்ராத் மங்கோலியரோடு நடந்த போராட்டங்களின் நினைவை ஏந்தியவை. ஒரு மக்கள் கூட்டம் கடந்துவந்த எல்லாக் காலங்களும் இக்கதையில் அடுக்கடுக்காய்ப் படிந்திருக்கின்றன.

கதைசொல்லி உருவாகும் விதம்

மனாஸைச் சொல்பவருக்கு மனாஸ்சி என்று பெயர். அதற்கு முன் ஜொமொக்சு என்பார்கள். ஜொமொக் என்றால் கதை. கிர்கிஸ் பாடகர்கள் பொதுவாகக் கோமுஸ் என்னும் மூன்று நரம்பு இசைக்கருவியை மீட்டுவார்கள். மனாஸ்சியோ எக்கருவியும் இல்லாமல் அமர்ந்து, குரலாலும் கைகளாலும் மட்டுமே சொல்வார். ஏழெட்டு அசைகள் கொண்ட சிறு அடிகள் குதிரையின் குளம்படிபோல் ஒன்றன்பின் ஒன்றாக வரும். போர் வரும்போது வேகம் கூடும். மரணம் வரும்போது குரல் தாழும். ஓர் இரவில் முடிவதில்லை. அடுத்தடுத்த இரவுகளிலும் தொடரும்.

இவர்களுக்குள் படிநிலைகள் உண்டு. கேட்டுப் பழகும் தொடக்க நிலையினர், சில பகுதிகளை மட்டும் அறிந்த அரைகுறை மனாஸ்சி, முழுமையான மனாஸ்சி, பெரிய மனாஸ்சி என அவை அமையும். சகிம்பாய் ஒரோஸ்பாகோவ் (1867–1930) சொல்ல, 1922 முதல் 1926 வரை எழுதப்பட்ட முதற்பகுதி மட்டுமே ஏறத்தாழ 1,80,000 அடிகள். சயாக்பாய் கரலாயெவ் (1894–1971) சொன்ன மூன்று பகுதிகளும் 5 லட்சம் அடிகளைத் தாண்டுகின்றன. பெண்களும் இம்மரபில் உண்டு. செய்தேனே மொல்தோகெ கிசி (1922–2006) அவர்களுள் புகழ்பெற்றவர்.

பெரிய மனாஸ்சிகள் அநேகமாக எல்லோரும் தம் கலையின் தொடக்கமாக ஒரு கனவைச் சொல்வார்கள். கனவில் மனாஸும் தோழர்களும் குதிரைகளில் வந்து "எங்கள் கதையைச் சொல்" என்று பணித்ததாகக் கூறுவர். நற்கனவு இறைவனின் புறத்திலிருந்து வரும் நற்செய்தியாகலாம் என்பதை நாம் மறுக்கவில்லை. அதைக்கொண்டு சட்டமும் எடுக்கமாட்டோம், வரலாறும் நிறுவமாட்டோம். சீனாவின் சின்ஜியாங்கில் வாழ்ந்த ஜுசுப் மமாய் (1918–2014) கனவைக் குறித்தும் பேசினார். அதேவேளை, அவருடைய அண்ணன் பல கதைசொல்லிகளிடமிருந்து சேகரித்துக் கொடுத்த கையெழுத்துப் படிகளைச் சிறுவயதில் ஆண்டுக்கணக்கில் மனனம் செய்தவர் அவர். திருமறையை மனனம் செய்யும் பிள்ளைகளை நாள்தோறும் காணும் நமக்கு அந்த ஆண்டுகளின் உழைப்பு நன்றாகவே புரிகிறது.

அவையைப் பார்த்து மாறும் கதை

1856இல் சோக்கான் வலிகானோவ் என்னும் கஸாக் இன அறிஞர், ரஷ்யப் படை அதிகாரியாக இஸ்ஸிக்குல் பகுதிக்குச் சென்றபோது இக்காவியத்தின் ஒரு பகுதியைக் கேட்டு எழுதச் செய்தார். இறந்த முதியவர் ஒருவருக்காக நடந்த பெருவிருந்தின் கதை அது. அடுத்து 1862இலும் 1869இலும் ஜெர்மனியில் பிறந்த வில்ஹெல்ம் ராட்லோஃப் பல பகுதிகளைப் பதிவு செய்து 1885இல் வெளியிட்டார். அவர் தம் முன்னுரையில் எழுதிய ஒரு செய்தி ஆழ்ந்து நோக்கத்தக்கது. அவர் முன் அமர்ந்து கதை சொன்னவர், மனாஸை ரஷ்யாவின் 'வெள்ளை ஜார்' மன்னரின் நண்பனாகக் கதைக்குள் கொண்டுவந்துவிட்டார். கேட்க வந்திருப்பவர் ரஷ்ய அரசின் ஆள் என்பதால் அவரை மகிழ்விக்கவே அப்படிச் சொன்னார் என்பதை ராட்லோஃப் உணர்ந்துகொண்டார்.

கதைசொல்லி செய்தது வஞ்சகம் அன்று. அது அக்கலையின் இயல்பு. மனாஸ்சி மனனம் செய்ததை அப்படியே ஒப்பிப்பதில்லை. தம்மிடம் உள்ள காட்சிகளையும் சொற்றொடர்களையும் எடுத்து, அவையைப் பார்த்துக் கோத்துச் சொல்கிறார். செல்வர்கள் அமர்ந்திருந்தால் ஒருவிதம். மேய்ப்பர்கள் அமர்ந்திருந்தால் வேறுவிதம்.

கலைக்கு அழகான இப்பண்பு மார்க்கச் செய்திக்கு நஞ்சாகும். நம் முன்னோர்களான ஹதீஸ் கலை அறிஞர்கள் இதை நன்கு அறிந்திருந்தனர். இஸ்லாமிய வரலாற்றின் தொடக்க காலத்திலேயே கஸ்ஸாஸ் எனப்படும் கதைசொல்லிகள் பள்ளிவாசல்களில் மக்களைத் திரட்டி உபதேசித்தனர். தமீமுத் தாரீ (ரலி) அவர்கள் இதற்காக உமர் (ரலி) அவர்களிடம் அனுமதி பெற்றதாக அறிவிக்கப்படுகிறது. பிற்காலத்தில் அவையைக் கவரும் ஆசையில் சிலர் நபிகளாரின் பெயரால் கட்டுக்கதைகளைப் பரப்பியபோது அறிஞர்கள் கடுமையாகக் கண்டித்தனர். ஹிஜ்ரி 597இல் மறைந்த இமாம் இப்னுல் ஜவ்ஸீ கதைசொல்லிகளைக் குறித்துத் தனி நூலே எழுதினார். அதில் அவர்களை ஒட்டுமொத்தமாகத் தள்ளாமல் நல்லோரையும் பொய்யரையும் பிரித்துக் காட்டினார்.

இங்கே ஒரு நிகழ்ச்சி நினைவுக்கு வருகிறது. இமாம் அஹ்மத் இப்னு ஹன்பலும் யஹ்யா இப்னு மயீனும் பாக்தாதின் ஒரு பள்ளிவாசலில் அமர்ந்திருக்க, அவ்விருவர் பெயரையே சொல்லி ஒரு கதைசொல்லி பொய் ஹதீஸை அறிவித்தாராம். "நாங்கள்தான் அவ்விருவர்" என்று அவர்கள் சொன்னபோது, "உலகில் உங்களைத் தவிர வேறு அஹ்மதும் யஹ்யாவும் இல்லையா?" என்று அவர் திருப்பிக் கேட்டாராம். நாமும் இதை மிம்பர் மேடைகளில் சொல்லியிருக்கிறோம். ஆனால் இதை அறிவித்தவரையே இமாம் தஹபீ ஐயத்துக்குரியவராகக் குறித்திருக்கிறார். பொய்க் கதையை எச்சரிக்க நாம் சொல்லிவந்த கதையே அறிவிப்பாளர் தொடரில் தடுமாறுகிறது. கதையின் இனிமை ஆலிம்களையும் எவ்வளவு எளிதில் ஏமாற்றும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமோ?

கல் சொல்வதும் கதை சொல்வதும்

தலாஸ் பள்ளத்தாக்கில் மனாஸின் அடக்கத்தலம் என்று மக்கள் போற்றும் ஒரு பழைய செங்கல் கட்டடம் இருக்கிறது. அதன் முகப்பில் அழகிய சுடுமண் வேலைப்பாடும் அரபு எழுத்துகளும் உள்ளன. 1334ஆம் ஆண்டு எழுந்த அக்கட்டடத்தின் கல்வெட்டை ஆராய்ந்தவர்கள் படித்தபோது, அங்கே அடக்கப்பட்டவர் அமீர் அபூகாவின் மகள் கெனிஸெக் காத்தூன் என்னும் பெண்மணி என்று கண்டனர். மனாஸின் பெயர் அதில் இல்லை.

இதைக் கேட்டு மலைவாசிகள் கலங்கவில்லை. அவர்களின் கதையில் இதற்கும் விடை இருந்தது. பகைவர்கள் மனாஸின் கப்ரைத் தோண்டிச் சிதைத்துவிடாமல் இருக்க, கனிக்கெய்தான் வேண்டுமென்றே ஒரு பெண்ணின் பெயரைப் பொறிக்கச் செய்தாள் என்றார்கள்.

ஓஷ் நகரின் நடுவே நிற்கும் சுலைமான் மலையும் இத்தகையதே. நபி சுலைமான் (அலை) அவர்களோடு அம்மலையை இணைத்து மக்கள் கதைகள் சொல்கிறார்கள். 15ஆம் நூற்றாண்டின் முடிவில் அம்மலையில் தங்குவதற்கு ஒரு சிறு அறை கட்டியவர் ஃபர்கானாவில் பிறந்த பாபர். பின்னாளில் இந்தியாவில் முகலாய ஆட்சியை நிறுவியவர். அவர் தம் வரலாற்று நூலில் அம்மலையை 'பராகோஹ்' என்றே குறிப்பிடுகிறார். சுலைமான் நபியின் பெயர் அம்மலைக்குப் பின்னர் வழங்கலாயிற்று.

இவ்விரண்டிலும் நம் நிலை என்ன? கல்வெட்டும் ஏடும் சொல்வதை வரலாறாக ஏற்கிறோம். மக்கள் சொல்வதை, அம்மக்கள் எதை நேசித்தார்கள், எதை அஞ்சினார்கள் என்பதற்கான சான்றாக ஏற்கிறோம். கனிக்கெய் கல்வெட்டை மாற்றினாள் என்னும் கதை 14ஆம் நூற்றாண்டைப் பற்றி நமக்கு எதையும் நிரூபிப்பதில்லை. ஆனால் தம் அன்புக்குரியவரின் அடக்கத்தலத்தைக்கூடப் பகைவர் விட்டுவைக்க மாட்டார்கள் என்று அஞ்சி வாழ்ந்த ஒரு சமூகத்தின் உள்ளத்தை அது காட்டிவிடுகிறது. மனாஸ் என்ற பெயர் 16ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கருதப்படும் 'மஜ்மூஉத் தவாரீக்' என்னும் பாரசீக நூலில் வருகிறது. ஆயினும் அவர் காலத்தவர் எழுதிய சான்று எதுவும் கிடைக்கவில்லை. 1995இல் காவியத்தின் ஆயிரமாவது ஆண்டைக் கிர்கிஸ்தான் கொண்டாடியதும் ஒரு நாட்டின் பெருமையைச் சொல்லும் விழாவே. ஒரு மனிதரின் பிறந்தநாளை நிறுவும் ஆவணம் அன்று.

கதையைத் தடுத்த காலம்

கதையின் பலவீனத்தைச் சொன்ன நாம் அதன் வலிமையையும் சொல்லக் கடமைப்பட்டுள்ளோம். சோவியத் ஆட்சியில் கிர்கிஸ் மொழியின் எழுத்துருவே மீண்டும் மீண்டும் மாற்றப்பட்டது. 1924இல் வெளிவந்த முதல் கிர்கிஸ் செய்தித்தாள் அரபு எழுத்தில் அச்சானது. அப்பத்தாண்டு முடிவதற்குள் லத்தீன் எழுத்து புகுத்தப்பட்டது. 1940இல் அதுவும் போய் ரஷ்ய மொழியின் சிரில்லிக் எழுத்து வந்தது. பாட்டனார் எழுதிய கடிதத்தைப் பேரன் படிக்க இயலாத நிலை இருபது ஆண்டுகளுக்குள் உருவாயிற்று. சகிம்பாய் சொல்லி எழுதப்பட்ட கையெழுத்துப் படிகளும் அரபு எழுத்தில் இருந்தவையே. படிக்கத் தெரிந்தோர் குறைந்துபோன அக்காலத்திலும் நாவிலிருந்த கதைக்கு எழுத்துரு தேவைப்படவில்லை.

1952இல் மனாஸ் காவியமே குற்றக்கூண்டில் நிறுத்தப்பட்டது. அது பிற்போக்கானது, மதவாதத்தைப் பரப்புவது என்று குற்றம் சாட்டப்பட்டது. அதற்கு முன்பே அதை ஆராய்ந்த அறிஞர்கள் சிலர் சிறையில் தள்ளப்பட்டிருந்தனர். கிர்கிஸ் அறிஞர்களும் பொதுமக்களும் எதிர்த்து நின்றதால் முழுத்தடை விழவில்லை. 1958 முதல் 1960 வரை அச்சில் வந்த நான்கு தொகுதிகள் மார்க்க வாசனை பெரிதும் நீக்கப்பட்டுத் திருத்தப்பட்டவையாக இருந்தன. கதைக்குள் ஜார் மன்னரை நண்பனாக நுழைத்தார் அக்காலக் கதைசொல்லி. கதையிலிருந்து இறைவனின் பெயரைக் குறைத்தனர் இக்காலத் தொகுப்பாளர்கள். முன்னது கேட்டவரை மகிழ்விக்க; பின்னது ஆண்டவரை மகிழ்விக்க.

சீனத்திலும் அதே நிலை. ஜுசுப் மமாய் சொல்லி 1960களில் எழுதப்பட்டவற்றில் பெரும்பகுதி கலாசாரப் புரட்சிக் காலத்தில் காணாமற் போயிற்று. அவரும் துன்பங்களுக்கு ஆளானார். புயல் ஓய்ந்தபின், அறுபது வயதில், அவர் மீண்டும் முதலிலிருந்து சொல்லத் தொடங்கினார். எட்டுத் தலைமுறைகளின் கதையாக, இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட அடிகளாக அது மறுபடி ஏடேறியது. 2009இல் சீனாவின் சார்பிலும் 2013இல் கிர்கிஸ்தானின் சார்பிலும் யுனெஸ்கோ மனாஸ் மரபை மனிதகுலத்தின் பண்பாட்டுச் செல்வங்களின் பட்டியலில் சேர்த்தது. தாள் அழிந்தபோது நினைவு காத்தது.

ஏழு தந்தையர்

கிர்கிஸ் மக்களிடம் மற்றொரு வழக்கம் உண்டு. ஒவ்வொரு பிள்ளையும் தன் ஏழு தலைமுறைத் தந்தையரின் பெயர்களைத் தவறாமல் சொல்லத் தெரிந்திருக்க வேண்டும். தெரியாதவனை வேரற்றவனாகக் கருதுவர். இரவில் கூடாரத்தில் பாட்டனாரோ பாட்டியாரோ பிள்ளையை மடியில் இருத்தி அப்பெயர்களைச் சொல்லச் செய்வார்கள். ஒவ்வொரு பெயரோடும் ஒரு சிறு கதை வரும். தலாஸ் பகுதியின் ஷெக்கெர் கிராமத்தில் பிறந்த எழுத்தாளர் சிங்கிஸ் ஐத்மாத்தொவ் (1928–2008) இவ்வகைக் கதைகளைக் கேட்டு வளர்ந்தவர். அவருடைய 'வெள்ளைக் கப்பல்' நாவலில், தாய் தந்தையால் கைவிடப்பட்ட ஒரு சிறுவன் தாத்தா சொன்ன தாய்மானின் கதையைப் பற்றிக்கொண்டே வாழ்கிறான். பெரியவர்கள் அக்கதையை இழிவுபடுத்தும் நாளில் அச்சிறுவனின் உள்ளம் உடைந்துபோகிறது. இந்நாவலைப் பற்றி எழுதும்போது நம் மத்ரஸாவில் எழுந்து நின்ற சிறுவனின் முகம் நம் கண்முன் வந்தது.

அம்மலைகளுக்கும் நமக்கும் இடையே ஒரு மெல்லிய நூலும் உண்டு. 19ஆம் நூற்றாண்டில் ரஷ்யாவின் கஸான் நகரில் அச்சான கிஸ்ஸா நூல்கள் மத்திய ஆசியப் புல்வெளியெங்கும் சென்றன. யூசுஃப் நபியின் வரலாறு அவற்றுள் ஒன்று. தமிழ் முஸ்லிம்களின் வீடுகளிலும் 'யூசுப் நபி கிஸ்ஸா' உண்டு. பெண்கள் கூடியமர்ந்து ராகமிட்டு வாசிக்க, எழுத்தறியாதவர்கள் சுற்றிலும் இருந்து கேட்டனர். ஒரே அரபுச் சொல் இரு வேறு மொழிகளில் ஒரே வேலையைச் செய்திருக்கிறது. நபி யூசுஃபின் வரலாற்றை மிக அழகிய வரலாறென்று அறிமுகப்படுத்துவது திருமறையே அல்லவா?

அன்று சொல்லியிருக்க வேண்டிய விடை

அப்துல்லாஹ் இப்னு அம்ர் (ரலி) அறிவித்து புகாரியில் பதிவான ஒரு நபிமொழி இவ்விடத்தில் நமக்கு வழிகாட்டுகிறது. தம்மிடமிருந்து கிடைத்தது ஒரு வசனமாயினும் அதை எத்திவைக்குமாறும், இஸ்ராயீலின் மக்களிடமிருந்து செய்திகளை எடுத்துச் சொல்வதில் குற்றமில்லை என்றும் நபி (ஸல்) அவர்கள் கூறினார்கள். அதே நபிமொழியின் இறுதியில், தம்மீது வேண்டுமென்றே பொய்யுரைப்பவன் தன் இருப்பிடத்தை நரகில் தேடிக்கொள்ளட்டும் என்று எச்சரித்தார்கள். அனுமதியும் எச்சரிக்கையும் ஒரே மூச்சில் வந்திருக்கின்றன. இவ்வாறான செய்திகளில் மார்க்கம் உறுதிப்படுத்தியதை ஏற்போம், மறுத்ததைத் தள்ளுவோம், இரண்டும் இல்லாததை உண்மையென்று சாதிக்கவும் மாட்டோம், பொய்யென்று இகழவும் மாட்டோம் என்பதே அறிஞர்களின் வழி.

அச்சிறுவனுக்கு நாம் இரண்டே பெட்டிகளைக் காட்டினோம்: உண்மை, பொய். மூன்றாவது பெட்டி ஒன்று இருப்பதைச் சொல்ல மறந்தோம். நபிகளாரின் பெயரால் ஒரு சொல் வந்தால் "யார் சொன்னார், யாரிடமிருந்து கேட்டார்" என்று கேட்கப் பிள்ளைகளைப் பழக்குவது நம் கடமை. அதில் தளர்வுக்கு இடமில்லை. உம்மம்மாவின் கதை அத்தராசில் நிறுக்கப்பட வேண்டிய பொருள் அன்று. அதை அவர் ஹதீஸ் என்று சொல்லாத வரை.

சென்ற ஜும்ஆவுக்குப் பிறகு அவ்வீட்டுக்குச் சென்றோம். திரைக்கு அப்பாலிருந்து ஸலாமுக்குப் பதில் வந்தது. நம்முடைய விடையில் அவசரம் இருந்ததென்றும், மன்னிக்க வேண்டுமென்றும் சொன்னோம். சிறிது நேரம் ஓசையில்லை. பிறகு, "அது என் உம்மாவோட உம்மா எனக்குச் சொன்ன கதை ஹஜ்ரத். ஹதீஸுன்னு நான் எப்பவும் சொன்னதில்லை" என்றார் அந்த அம்மையார். தெரியும் என்றோம். பேரனைக் கூப்பிட்டு, "இனிமே உம்மம்மா கதை சொன்னா, அவங்களுக்கு யார் சொன்னாங்கன்னு அதையும் கேட்டு எழுதி வை" என்று பணித்தோம். இரு நாள் கழித்து அவன் தன் குறிப்பேட்டைக் கொண்டுவந்து காட்டினான். கதை இன்னும் எழுதப்படவில்லை. முதற்பக்கத்தில் நான்கு பெண்களின் பெயர்கள் ஒன்றின்கீழ் ஒன்றாக இருந்தன.

வாசகர்களின் இல்லங்களிலும் அப்படியொரு பெயர்ப்பட்டியல், சொல்பவர் உயிரோடு இருக்கும்போதே எழுதப்படட்டும். உண்மையை உண்மையாக அறிந்து பின்பற்றவும், முதியோரின் உள்ளம் நோகாமல் நடக்கவும் வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள்புரிவானாக. ஆமீன்.